துப்பறியும் குழல்

சாக்சபோனுக்குத் தமிழ்நாட்டில் இரண்டு வேலைகள் உண்டு. செந்துறை, அரியலூர், பெரம்பலூர் போன்ற ஊர்களின் திருமணங்களில் தவில் துணையோடு கீர்த்தனை வாசிப்பது ஒரு வேலை. தொலைக்காட்சியில் மழை பெய்த தெருவும் மங்கிய விளக்கும் ஒரு துப்பறிவாளரின் நிழலும் தெரியும்போது பின்னணியில் முனகுவது இன்னொரு வேலை. முதல் ஒலியைக் கேட்டவர் மணமேடைப் பக்கம் திரும்புவார். இரண்டாவதைக் கேட்டவருக்கு யாரோ யாரையோ பின்தொடர்கிறார்கள் என்று தோன்றும். இரண்டு இடத்திலும் வாத்தியம் ஒன்றுதான். துளைகளும் விசைகளும்கூட அவையேதான். அப்படியானால் மங்கலமும் மர்மமும் எங்கிருந்து வருகின்றன?

மேற்கத்திய இசை வேறு, கர்நாடக இசை வேறு என்ற பதில் பாதிதான் சரி. துப்பறியும் இசையின் சுரங்களை வரிசைப்படுத்திப் பார்த்தால், நாகசுரக்காரர்களுக்கு நன்கு பழகிய ஒரு ராகம் அதற்குள் இருப்பது தெரியும். மீதிப் பாதி பதில் குழலின் வடிவத்திலும், வாசிப்பவரின் உதட்டிலும் தொண்டையிலும், நேரத்தைக் கூறுபோடும் முறையிலும் இருக்கிறது.

பித்தளை உடம்பு, நாணல் நாக்கு

சாக்சபோன் பித்தளையால் ஆனது. ஆனாலும் இசைக்கருவிகளை வகைப்படுத்துவோர் அதை டிரம்பெட்டோடு சேர்ப்பதில்லை, மரக்குழல்களோடு சேர்க்கிறார்கள். ஒலி எங்கே பிறக்கிறது என்பதைப் பார்த்துச் செய்த வகைப்பாடு அது. டிரம்பெட்டில் வாசிப்பவரின் உதடுகளே அதிர்கின்றன. சாக்சபோனில் அதிர்வது மவுத்பீஸின் அடியில் கட்டப்பட்ட ஒரு நாணல் தகடு. வாசிப்பவர்கள் அதை ரீட் என்பார்கள். நாகசுரத்தின் சீவாளியும் இதே இனம். கொறுக்கைத் தட்டையில் செய்யும் சீவாளியில் இரண்டு மடல்கள் ஒன்றோடொன்று மோதும். சாக்சபோனில் ஒரே தகடு மவுத்பீஸின் விளிம்பில் மோதும்.

பூவரச இலையைச் சுருட்டிப் பீப்பீ செய்த எவருக்கும் இந்த இயக்கம் புரியும். சுருட்டிய இலையின் குறுகிய முனையை விரலால் நசுக்கி ஊதினால், அந்த முனை திறந்து மூடித் திறந்து மூடி ஒலிக்கும். ஊதும் காற்று தொடர்ச்சியாகத்தான் வருகிறது. நசுங்கிய முனை அதைத் துண்டுதுண்டாக வெட்டி உள்ளே அனுப்புகிறது. வினாடிக்கு 440 முறை வெட்டினால் 440 என்ற அதிர்வெண் கொண்ட சுரம் கேட்கும். அதிர்வெண் என்பது ஒரு வினாடியில் நடக்கும் அதிர்வுகளின் எண்ணிக்கை.

வினாடிக்கு எத்தனை முறை வெட்டுவது என்பதை ரீட் தனியாக முடிவு செய்வதில்லை. உள்ளே போன காற்றுத் துடிப்பு குழலின் வழியே ஓடி, திறந்திருக்கும் முதல் துளையை எட்டியதும் ஒரு பகுதி வெளியேறுகிறது. மறு பகுதி திரும்பி வந்து ரீடைத் தள்ளுகிறது. அடுத்த திறப்பும் மூடலும் அந்தத் தள்ளலுக்கு இசைவாக நடக்கும். குழலும் ரீடும் இப்படி ஒன்றையொன்று ஒத்து அதிர்வதற்கு ஒத்ததிர்வு என்று பெயர். விரலால் ஒரு விசையை அழுத்தினால் ஒரு துளை மூடும், காற்று ஓட வேண்டிய தூரம் நீளும், சுரம் இறங்கும். சாக்சபோன் வகைகளுள் ஒன்றான ஆல்ட்டோவின் வளைவை நிமிர்த்தினால் குழல் ஏறத்தாழ ஒரு மீட்டர் வரும். எல்லாத் துளைகளையும் மூடி ஊதினால் கிடைக்கும் அடிச்சுரத்தின் அதிர்வெண் சுமார் 139.

பித்தளைக்கு இதில் பங்கு மிகக் குறைவு. உள்ளிருக்கும் காற்றின் வடிவத்தை மாறாமல் பிடித்து வைக்கும் சுவர் அது, அவ்வளவுதான்.

கூம்பு செய்யும் வேலை

அந்தக் காற்றின் வடிவம் ஒரு கூம்பு. மவுத்பீஸ் பக்கம் குறுகலாகத் தொடங்கி, திறந்த முனையை நோக்கிப் போகப் போக அகலும். நாகசுரமும் அப்படியே, பூவரச இலைப் பீப்பீயும் அப்படியே. கிளாரினெட் மட்டும் பெரும்பகுதி ஒரே அகலமுள்ள உருளை. இந்த ஒரு வேறுபாட்டிலிருந்துதான் மற்றவை எல்லாம் கிளைக்கின்றன.

எந்தச் சுரமும் தனியாக ஒலிப்பதில்லை. 200 அதிர்வெண் உள்ள சுரத்தோடு 400, 600, 800 என்று அதன் மடங்குகளும் மெலிதாகச் சேர்ந்து ஒலிக்கும். இவற்றை மேற்சுரங்கள் எனலாம். வயலினையும் புல்லாங்குழலையும் கண்ணை மூடிக்கொண்டு பிரித்தறிய முடிவது இவற்றின் கலவை வேறுபடுவதால்தான். ஒரு முனை ரீடால் அடைபட்ட உருளைக் குழல், ஒன்று, மூன்று, ஐந்து என்ற ஒற்றைப்படை மடங்குகளையே விரும்பித் தாங்கும். கூம்புக் குழல் ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு என எல்லா மடங்குகளையும் தாங்கும். கிளாரினெட்டின் கீழ்ச்சுரங்கள் உள்ளீடற்று ஒலிப்பதற்கும், சாக்சபோனின் கீழ்ச்சுரங்கள் மனிதக் குரலைப் போலத் திரண்டு ஒலிப்பதற்கும் காரணம் இது.

வாசிப்பவரின் விரல்களுக்கும் இதனால் வித்தியாசம் தெரியும். திருச்சி ஏ.கே.சி. நடராஜன் வாசித்துப் புகழ்பெற்ற கிளாரினெட்டில், ஒரே விரல் அமைப்பை வைத்துக்கொண்டு மேல்நிலைக்குத் தாவினால் அதிர்வெண் மூன்று மடங்காகும். கீழே ஷட்ஜமாக இருந்தது மேலே மேல்ஸ்தாயிப் பஞ்சமமாகிவிடும். சாக்சபோனில் அது இரண்டு மடங்காகும். ஷட்ஜம் மேல்ஸ்தாயி ஷட்ஜமாகவே நிற்கும். இடது கட்டைவிரல் ஒரு சிறிய துளையைத் திறக்கும் விசையை அழுத்தினால் போதும், அதே விரல்களில் அடுத்த ஸ்தாயி கிடைக்கும்.

அடோல்ஃப் சாக்ஸ் இந்தக் கூம்பைத் தெரிந்தே தேர்ந்தெடுத்தார். பெல்ஜியத்தின் தினான் நகரில் 1814இல் பிறந்த அவர், பாரிசில் 1846இல் சாக்சபோனுக்குக் காப்புரிமை பெற்றார். பித்தளை வாத்தியங்களின் உரப்பும் மரக்குழல்களின் நெகிழ்வும் சேர்ந்த ஒன்று ராணுவ இசைக்குழுக்களுக்குத் தேவைப்பட்டது. அணிவகுப்பு அவர் நினைத்த பயன்களில் ஒன்று. நம் கச்சேரிக்கும் துப்பறிதலுக்கும் அது பின்னால்தான் வந்து சேர்ந்தது.

மர்மம் ஒட்டிக்கொண்ட ஆண்டு

தேவனின் துப்பறியும் சாம்புவையும் தமிழ்வாணனின் சங்கர்லாலையும் சுஜாதாவின் கணேஷ்–வசந்தையும் எழுத்தில் படித்தவர்களின் மனத்தில் எந்த வாத்தியமும் ஒலித்திருக்காது. துப்பறிவாளருக்கென்று ஒரு வாத்தியத்தைப் பொருத்தியவை திரையும் தொலைக்காட்சியும். அதிலும் பொதுவான நம்பிக்கை ஒன்று தவறு. 1940களின் அமெரிக்கக் குற்றப் படங்கள் முழுக்கச் சாக்சபோன் ஒலித்தது என்று பலரும் நினைக்கிறார்கள். அந்தப் படங்களுக்கு இசையமைத்த மாக்ஸ் ஸ்டைனர், மிக்லோஸ் ரோஜா போன்றவர்கள் பெரும்பாலும் நம்பியது வயலின்கள் நிறைந்த பெரிய இசைக்குழுவைத்தான்.

திருப்பம் தொலைக்காட்சியில் நடந்தது. 1958 செப்டம்பரில் அமெரிக்காவின் என்.பி.சி. அலைவரிசையில் ‘பீட்டர் கன்’ என்ற துப்பறியும் தொடர் தொடங்கியது. உருவாக்கியவர் பிளேக் எட்வர்ட்ஸ், இசை ஹென்றி மான்சினி. கதாநாயகன் அடிக்கடி போய் உட்காரும் இடம் ஒரு ஜாஸ் விடுதி. ஆகவே அங்கே ஜாஸ் ஒலிப்பதற்குக் கதையிலேயே காரணம் இருந்தது. பெரிய வயலின் படைக்குத் தேவை இருக்கவில்லை. அந்தத் தொடரின் இசைத்தட்டு 1959இல் நடந்த முதல் கிராமி விழாவில் ஆண்டின் சிறந்த இசைத்தொகுப்புக்கான விருதைப் பெற்றது. முகப்பிசையில் பியானோ வாசித்தவர் ஜான் வில்லியம்ஸ். ‘ஸ்டார் வார்ஸ்’ இசையால் பின்னாளில் உலகப் புகழ் பெற்றவர் அவர்தான்.

அதே எட்வர்ட்ஸும் மான்சினியும் 1963இல் ‘பிங்க் பேந்தர்’ படத்தில் மீண்டும் இணைந்தனர். அதன் முகப்பிசையில் பதுங்கிப் பதுங்கி நடப்பது பிளாஸ் ஜான்சனின் டெனர் சாக்சபோன். 1984இல் ‘மைக் ஹாமர்’ தொலைக்காட்சித் தொடர் வந்தபோது, எர்ல் ஹேகன் 1939இல் எழுதிய ‘ஹார்லெம் நாக்டர்ன்’ என்ற சாக்சபோன் மெட்டையே முகப்பிசையாக எடுத்துக்கொண்டது. ஏறத்தாழக் கால் நூற்றாண்டில் பழக்கம் உறைந்துவிட்டது. இன்று விளம்பரத்தில் இரண்டு சுரம் சாக்சபோன் கேட்டாலே பார்ப்பவர் துப்பறிவாளரைத் தேடுவார். அது காதுக்குக் கற்றுக்கொடுக்கப்பட்ட பாடம். குழலின் இயல்பில் மர்மம் இல்லை.

இருந்தாலும் அந்தப் பாடத்துக்குப் புல்லாங்குழலோ கிளாரினெட்டோ தேர்வாகாமல் சாக்சபோன் தேர்வானது தற்செயல் அல்ல. ஒரு சிறு காரணம் தொழில்நுட்பமாக இருக்கலாம். அக்காலத் தொலைக்காட்சிப் பெட்டிகளின் சிறிய ஒலிபெருக்கிகள் தாழ்ந்த அதிர்வுகளைச் சரியாக வெளியிடவில்லை. மேற்சுரங்கள் நிறைந்த வாத்தியம் அந்த ஓட்டை ஒலிபெருக்கியிலும் முழு உருவத்தோடு கேட்கும். அடிச்சுரம் காணாமல் போனாலும் அதன் மடங்குகளை வைத்து மூளை அதை ஊகித்து நிரப்பிக்கொள்ளும். பெரிய காரணம் சுரங்களை வளைக்கும் வசதி.

நான்கு கட்டையில் ஓர் எடுத்துக்காட்டு

பீட்டர் கன் முகப்பிசையின் அடித்தளம், மாறாமல் சுற்றிச் சுற்றி வரும் எட்டுச் சுரங்கள். இப்படித் திரும்பத் திரும்ப வரும் துணுக்கைச் சுழலடி எனலாம். கிட்டாரும் பியானோவும் சேர்ந்து தாழ்ந்த ஸ்தாயியில் அதை வாசிக்கின்றன. எட்டில் நான்கு இடங்களை ஆதார ஷட்ஜமே பிடித்துக்கொள்கிறது. மீதியில் ரிஷபமும் சாதாரண காந்தாரமும் சுத்த மத்யமமும் வந்து போகின்றன. மேலே என்ன நடந்தாலும் அடியில் ஷட்ஜம் அசையாது. நாகசுரக் கச்சேரியில் ஒத்து செய்யும் வேலை இதுதான்; இங்கே ஒத்துக்குத் தாளம் முளைத்திருக்கிறது, அவ்வளவே. ஷட்ஜம் நகராமல் நிற்பதால் ‘அடுத்து என்ன’ என்ற எதிர்பார்ப்பு தீராமல் நீள்கிறது.

இந்த இசையின் ஆதாரம் மேற்கத்தியக் கணக்கில் எஃப். நம் கணக்கில் நான்கு கட்டை. அதன் மேல் சாக்சபோன் தனியாக வாசிக்கும் பகுதி பெரிதும் சார்ந்திருப்பது ப்ளூஸ் என்னும் கறுப்பின அமெரிக்கர்களின் இசை மரபை. ப்ளூஸின் அடிப்படைச் சுரங்கள் ஷட்ஜம், சாதாரண காந்தாரம், சுத்த மத்யமம், பஞ்சமம், கைசிகி நிஷாதம். சங்கீதம் தெரிந்தவர்களுக்கு இந்த வரிசை புதிதல்ல. இது சுத்த தன்யாசி.

இதோடு ஒரே ஒரு சுரம் கூடுகிறது, பிரதி மத்யமம். ப்ளூஸில் சுத்த மத்யமமும் பிரதி மத்யமமும் பஞ்சமமும் அடுத்தடுத்து நெருக்கமாக வரும். இரண்டு மத்யமங்களும் இப்படிப் பக்கத்தில் பக்கத்தில் நிற்பது கர்நாடக ராகங்களில் அபூர்வம். இந்துஸ்தானியின் லலித் ராகத்தில் கேட்கலாம். சுத்த தன்யாசிக்குள் பிரதி மத்யமம் எட்டிப் பார்க்கும் அந்த ஒரு கணத்தில்தான் மணமேடை மறைந்து இருட்டுத் தெரு வருகிறது.

அதிர்வெண்களில் சொன்னால், நான்கு கட்டையில் நடு ஸ்தாயி ஷட்ஜம் 349. காந்தாரம் 415, சுத்த மத்யமம் 466, பிரதி மத்யமம் 494, பஞ்சமம் 523, நிஷாதம் 622, மேல் ஷட்ஜம் 698. ஆல்ட்டோ சாக்சபோனில் சி என்று எழுதிய சுரத்தை வாசித்தால் கேட்பது இ ஃப்ளாட், அதாவது இரண்டரைக் கட்டை. நாகசுரத்தின் ஒரு வகையான பாரி நாயனத்தின் சுருதியும் இரண்டு, இரண்டரைக் கட்டையை ஒட்டியே இருப்பதால் அந்தப் பிடி நம் கச்சேரிகளுக்கு வசதி. துப்பறியும் இசைக்கு ஆதாரம் நான்கு கட்டைக்கு ஏறுவதால், விரல்கள் டி என்ற இடத்திலிருந்து தொடங்க வேண்டும். டி, எஃப், ஜி, ஜி ஷார்ப், ஏ, சி என்ற ஆறு பிடிகளில் மேலே சொன்ன ஆறு சுரங்களும் அடங்கிவிடும். விரல்களைப் பொறுத்தவரை இது கடினமான இசையே அல்ல.

415க்கும் 440க்கும் நடுவே

கடினம் காந்தாரத்தில் இருக்கிறது. ப்ளூஸ் மரபில் துணை வாத்தியங்கள் பெரும்பாலும் அந்தர காந்தாரத்தைப் பிடித்து நிற்கும். நான்கு கட்டையில் அது 440. மெட்டைச் சொல்லும் குரலோ சாக்சபோனோ சாதாரண காந்தாரமான 415ஐ நாடும். இரண்டும் ஒரே நேரத்தில் ஒலித்தால் உரசல். அந்த உரசலை மறைக்காமல் ரசிப்பதுதான் ப்ளூஸின் குணம். தேர்ந்த கலைஞர் 415லும் நிற்க மாட்டார், 440ஐயும் முழுதாக எட்ட மாட்டார். நடுவே ஓரிடத்தில் தொங்குவார். பியானோவில் இல்லாத இந்த இடைச் சுரத்தை மேற்கில் நீலச் சுரம் என்கிறார்கள்.

ஒரு பழகிய கலைஞர் இந்த ஒரு சுரத்தை உண்டாக்கும் வேலையை மெதுவாக ஓட்டிப் பார்க்கலாம். விரல்கள் 440க்கான பிடியில் இருக்கின்றன. குழலின் நீளம் அந்தப் பிடியில் உறுதியாகிவிட்டது. தாடையை அவர் சற்றுத் தளர்த்துகிறார். ரீடின் மேல் கீழுதட்டின் அழுத்தம் குறைகிறது. ரீட் முனைக்கும் மவுத்பீஸுக்கும் உள்ள இடைவெளி கூடுகிறது. ரீட் முன்னைவிடச் சோம்பலாகத் திறந்து மூடுகிறது. குழல் 440ஐக் கேட்கிறது, ரீட் அதற்குக் கீழே இழுக்கிறது. இருவருக்கும் நடந்த பேரத்தில் முடிவாகும் அதிர்வெண் 425 ஆகலாம், 420 ஆகலாம். பிறகு தாடை மெல்ல இறுகுகிறது. சுரம் 430, 435 என்று ஏறுகிறது. 440ஐத் தொடுவதற்குள் மூச்சு நிற்கிறது. கேட்பவருக்கு யாரோ ஒரு கேள்வியைக் கேட்டுவிட்டு வாக்கியத்தை முடிக்காமல் விட்டதாகப் படும்.

இந்தப் பேரத்துக்கு எல்லை உண்டு. உதட்டால் சுரத்தைக் கீழே இறக்குவது எளிது. மேலே ஏற்றுவதற்கு இடம் மிகக் குறைவு. உயர்ந்த சுரங்கள் நன்றாக வளையும். எல்லாத் துளைகளும் மூடிய அடிச்சுரங்கள் அவ்வளவாக வளையாது. அதனால்தான் துப்பறியும் இசையில் ஏங்கி இழுக்கும் இடங்கள் பெரும்பாலும் மேல்பகுதியில் அமைகின்றன.

தொண்டையும் ஒரு வாத்தியம்

ரீடுக்கு முன்னால் குழல் இருப்பதுபோல் பின்னால் இன்னொரு குழல் இருக்கிறது: வாசிப்பவரின் வாயும் தொண்டையும். நாக்கை மேலே தூக்கினால் அந்த அறை சுருங்கும், தாழ்த்தினால் விரியும். ஆஸ்திரேலியாவின் நியூ சவுத் வேல்ஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் சாக்சபோன் வாசிக்கும்போதே கலைஞர்களின் வாய்க்குள் நடக்கும் ஒத்ததிர்வை அளந்து 2008இல் முடிவுகளை வெளியிட்டனர். வழக்கமான எல்லைக்கும் மேலே உள்ள மிக உயர்ந்த சுரங்களை வாசிக்க, தேர்ந்தவர்கள் தங்கள் தொண்டையின் வடிவத்தையே அந்தச் சுரத்துக்கு ஏற்பச் சுருதி சேர்த்துக்கொள்கிறார்கள் என்பது அதில் தெரிந்தது. அனுபவம் குறைந்தவர்களால் அது முடியவில்லை. அந்தச் சுரங்களும் அவர்களுக்குக் கிடைக்கவில்லை.

துப்பறியும் இசையின் கரகரப்பும் தொண்டையிலிருந்துதான் வருகிறது. ஊதிக்கொண்டே வாசிப்பவர் வேறொரு சுரத்தை முனகினால் காற்று ரீடை அடைவதற்கு முன்பே அதிர்ந்துவிடுகிறது. குழல் 440ஐயும் தொண்டை 250ஐயும் தந்தால், இரண்டின் கூட்டலான 690உம் கழித்தலான 190உம் கூட ஒலியில் தலைகாட்டும். எந்த ஒழுங்கான மடங்கிலும் சேராத இவை கலந்ததும் ஒலி உறுமலாகிறது.

இதற்கு எதிர்முனையில் கிசுகிசுப்பு இருக்கிறது. தாடையை நன்றாகத் தளர்த்தி மிக மென்மையாக ஊதினால் ரீட் முழுதாக மூடுவதே இல்லை. மேற்சுரங்கள் மங்கி, மூச்சின் சரசரப்போடு தாழ்ந்த சுரம் வரும். இரவுக் காட்சிகளில் தனியாகச் சிகரெட் பிடிக்கும் துப்பறிவாளருக்கு இசையமைப்பாளர்கள் வழக்கமாகக் கொடுப்பது இந்தக் கிசுகிசுப்பைத்தான். அளவுக்கு மீறிக் கொடுத்துத் தேய்த்தும் விட்டார்கள்.

சாயும் நடை

ஒரே சுரங்களைச் சம அளவில் வாசித்தால் அது பயிற்சிப் பாடமாகத்தான் ஒலிக்கும். ஜாஸில் ஒரு தட்டுக்குள் வரும் இரண்டு சுரங்களில் முதலாவது நீளும், இரண்டாவது குறுகும். ஸ்விங் எனப்படும் இந்தச் சாய்வுக்கு நெருங்கிய கணக்குத் திஸ்ர நடையில் இருக்கிறது. தட்டை மூன்றாகப் பிரித்து, முதல் சுரத்துக்கு இரண்டு பங்கும் அடுத்ததற்கு ஒரு பங்கும் கொடுக்க வேண்டும். நிமிடத்துக்கு 120 தட்டு என்ற வேகத்தில் ஒரு தட்டு அரை வினாடி. சமமாகப் பிரித்தால் சுரத்துக்கு 0.25 வினாடி, சாய்த்தால் 0.33 வினாடியும் 0.17 வினாடியும். வேகம் கூடக் கூட இந்தச் சாய்வு குறைந்து சமத்தை நெருங்கும்.

பீட்டர் கன் இசையின் சுழலடி இப்படிச் சாய்வதில்லை, நேராகத்தான் நடக்கிறது. அது ஜாஸைவிட ராக் அண்ட் ரோலுக்கு நெருக்கமானது என்பதை மான்சினியே தன் வரலாற்றில் ஒப்புக்கொண்டிருக்கிறார். நேராக நடக்கும் அடித்தளத்தின் மேல் வளைந்தும் பிந்தியும் நகரும் குழல் என்ற இந்த முரண்தான் அந்த இசைக்கு உயிர். சுழலடியையும் சேர்த்துச் சாய்த்து வாசிக்கும் குழுக்கள் அந்த உயிரை இழந்துவிடுகின்றன.

அதே வளைவு, வேறு இலக்கணம்

இத்தனை வளைவுகளும் சாத்தியமான கருவியைக் கர்நாடக இசை கண்டுகொள்ளாமல் இருந்திருந்தால்தான் வியப்பு. சாக்சபோனில் கர்நாடக இசை வாசித்த கதிரி கோபால்நாத் 1949இல் தென்கன்னடப் பகுதியில் பிறந்தவர்; தந்தை நாகசுரக் கலைஞர். மைசூர் அரண்மனை இசைக்குழுவில் ஒலித்த சாக்சபோன் அவரை இழுத்தது. மங்களூரில் என். கோபாலகிருஷ்ண ஐயரிடமும் சென்னையில் டி.வி. கோபாலகிருஷ்ணனிடமும் கற்றார். விசைகளை மாற்றி மாற்றி அழுத்தினால் சுரங்கள் படிப்படியாகத் தாவுமே தவிர வழுக்காது. சுரத்தை அசைத்து வளைக்கும் கமகத்துக்கு வழுக்கல் வேண்டும். மேலே சொன்ன தாடைத் தளர்வையும், விசையைப் பாதி திறந்து மெல்ல விடும் விரல் வேலையையும் அவர் கமகத்துக்காக வளர்த்தெடுத்தார்; கருவியிலும் தமக்கு ஏற்ற சில மாற்றங்களைச் செய்துகொண்டார்.

1980இல் பம்பாய் ஜாஸ் விழாவில் அவர் வாசித்ததைக் கேட்ட அமெரிக்க சாக்சபோன் கலைஞர் ஜான் ஹாண்டி, உடனே மேடையேறிச் சேர்ந்து வாசிக்க விரும்பினார். இருவரின் குழலும் ஒன்று, வளைவு உண்டாகும் வழியும் ஒன்று. வளைவு எங்கே தொடங்கி எங்கே முடிய வேண்டும் என்பதில்தான் இருவரும் வேறு. கமகத்துக்கு ராகம் விதித்த தொடக்கமும் முடிவும் உண்டு. நீலச் சுரத்தை முடிக்காமல் விடலாம். முடிக்காமல் விடுவதே அங்கே அழகு. 1994இல் கே. பாலசந்தரின் ‘டூயட்’ படத்துக்காக ஏ.ஆர். ரஹ்மான் இசையில் கதிரி வாசித்தபோது சாக்சபோன் தமிழ் வீடுகளுக்குள் நுழைந்தது. அதில் குழல் காதலுக்கு ஏங்கியது; கொலையாளியைத் தேடவில்லை. தமிழ்க் காதில் சாக்சபோன் துப்பறிவாளருக்கு மட்டும் சொந்தமாகாமல் போனதற்கு அவருடைய வாசிப்பு ஒரு முக்கியக் காரணம்.

வெயிலில் ஏறும் சுருதி

அமெரிக்கப் பதிவரங்கில் இல்லாத ஒரு சிக்கல் அரியலூர் மாவட்டத்தில் உண்டு. காற்று சூடானால் அதில் ஒலி வேகமாக ஓடும். ஒவ்வொரு டிகிரிக்கும் வேகம் வினாடிக்குச் சுமார் 0.6 மீட்டர் கூடும். குழலின் நீளம் மாறாமல் வேகம் மட்டும் கூடினால் சுரம் ஏறும். 20 டிகிரி குளிரூட்டிய அறையில் சுருதி சேர்த்த சாக்சபோனை 38 டிகிரி சித்திரை வெயிலில் செந்துறைப் பந்தலுக்குக் கொண்டுவந்தால், உள்ளிருக்கும் காற்று முழுதும் அந்தச் சூட்டுக்கு வரும்போது சுருதி ஏறத்தாழ மூன்று விழுக்காடு உயரும். அது ஒரு சுரத்துக்கும் அடுத்த அரைச் சுரத்துக்கும் உள்ள தூரத்தில் பாதி. மூச்சின் வெப்பம் குழலின் மேல்பகுதியை எங்கேயும் சூடாக்கிவிடுவதால் நடைமுறையில் ஏற்றம் இதைவிடக் குறைவு. ஆனாலும் காதில் உறுத்தும்.

கூட வாசிக்கும் கீபோர்டுக்கு வெயில் தெரியாது. அதன் 440 எப்போதும் 440. ஆகவே சாக்சபோன்காரர்தான் இறங்கி வர வேண்டும். மவுத்பீஸ் பொருந்தும் கழுத்துப் பகுதியில் ஒரு தக்கை உறை இருக்கும். மவுத்பீஸை அதிலிருந்து சில மில்லிமீட்டர் வெளியே இழுத்தால் குழல் நீண்டு சுருதி இறங்கும். நீலச் சுரம் என்பது வேண்டுமென்றே செய்யும் சுருதிப் பிசகு. ஆதாரம் முதலில் சரியாக நின்றால்தான் அது அழகாகும். ஆதாரமே ஏறி நின்றால் கேட்பவருக்கு எல்லாமே வெறும் பிசகு.

எங்கிருந்து தொடங்குவது

நாகசுர மரபில் பழகிச் சாக்சபோனுக்கு வந்த ஒருவர் இந்த இசையை எடுத்தால் பாதி வேலை ஏற்கெனவே முடிந்திருக்கும். டி பிடியை ஆதாரமாக வைத்துச் சுத்த தன்யாசியைக் கமகமில்லாமல், நேர் சுரங்களாக, கீபோர்டின் நான்கு கட்டைச் சுருதியோடு வாசிப்பது முதல் படி. பழகிய கை கமகத்தைத் தேடும். அதை அடக்குவதுதான் அவருக்குச் சிரமம். பிறகு பிரதி மத்யமத்தை, பஞ்சமத்துக்குப் போகும் வழியில் மட்டும், நிற்காமல் தொட்டுப் போகலாம். காந்தார இழுப்பும் தொண்டை உறுமலும் கடைசியில் வர வேண்டியவை. முதல் நாளிலேயே உறுமத் தொடங்குபவருக்குச் சுருதி கைகூடத் தாமதமாகும்.

சாக்சபோன் இல்லாத வாசகரும் ஒன்றைச் செய்து பார்க்கலாம். கீபோர்டில் நான்கு கட்டை ஷட்ஜத்தை ஒரு விரலால் அழுத்திப் பிடித்துக்கொண்டு, மறு கையால் சாதாரண காந்தாரத்தையும் அந்தர காந்தாரத்தையும் ஒரே நேரத்தில் அழுத்த வேண்டும். அப்போது கேட்கும் உரசலுக்கு நடுவே, கீபோர்டால் வாசிக்க முடியாத இடத்தில், துப்பறிவாளரின் சுரம் இருக்கிறது.